அசல் முதலில், வட்டி பிறகு
தில்லி சாணக்யபுரியில் தூதரகங்களுக்கு அருகே மத்திய அரசு அலுவலர் குடியிருப்புகளும் உள்ளன. ஓய்வு பெற்றோர் அவ்வீடுகளைக் காலிசெய்ய வேண்டும். அத்தகையோரும் சொந்த வீடு கட்ட 1956இல் வந்தது வீடுகட்டும் முன்பணத் திட்டம். அதன் விதிப்படி அதிகபட்சம் 180 மாதத் தவணைகளில் அசலும், பின்னர் 60 தவணைகளில் தனிவட்டியும் பிடிக்கப்பட்டன.

1977இல் ஹஸ்முக்பாய் பரேக் எச்.டி.எஃப்.சி.யை நிறுவினார். அதன்பின் நடுத்தர வர்க்கத்தினரிடம் பரவிய சம மாதத் தவணை முறையிலோ தொடக்க ஆண்டுகளை வட்டியே விழுங்குகிறது. 9 விழுக்காட்டில், 20 ஆண்டுக்கு 10 லட்சம் ரூபாய் பெற்றால் தவணை சுமார் 8,997. முதல் தவணையில் 7,500 வட்டி. மொத்த வட்டி ஏறத்தாழ 11.6 லட்சம். அதே விகிதத்தில் பழைய முறையில் 7 லட்சத்துக்கும் குறைவு. ஆனால் கடைசி 5 ஆண்டுகளில் தவணை 11,000ஐத் தாண்டும். கடனின் மெய்யான விலையை அறிய, வட்டி விகிதத்தோடு அசல் குறையும் வேகத்தையும் கணக்கிட வேண்டும்.