தகரத்துண்டு முதல் அடையாள அட்டை வரை



பாடசாலை மாணவர் ஒருவர் தேசிய அடையாள அட்டைக்கு விண்ணப்பிக்கும்போது, அவ்விண்ணப்பத்தை உறுதிப்படுத்திக் கையொப்பமிடும் பொறுப்பு அதிபருக்கு உரியது. சாதாரண தரப் பரீட்சை நெருங்கும் காலத்தில் அத்தகைய விண்ணப்பங்கள் எனது மேசையில் வந்து குவிவது வழக்கம். அப்படியான ஒரு நாளில், ஹட்டனை அடுத்த தோட்டமொன்றிலிருந்து வரும் மாணவி ஒருத்தி தன் பாட்டியாரையும் உடன் அழைத்து வந்தாள். லயத்தில் பற்றிய தீயில் அம்மூதாட்டியின் அடையாள அட்டையும் ஏனைய கடதாசிகளும் எரிந்து போயிருந்தன. பேத்தியின் விண்ணப்பத்தில் நான் கையொப்பமிட்டு முடித்ததும் அவர் மெல்லக் கேட்டார்: “ஐயா, எனக்கும் அப்படியே ஒரு கையெழுத்துப் போட்டுக் குடுத்துருங்க. நாப்பது வருஷமா இந்த மலையிலே கொழுந்து பறிச்சேன். என்னைத் தெரியாதவங்க யாருமில்லீங்க. ஆனா, நான் யாருன்னு காட்ட ஒரு துண்டு இல்லீங்களே!”

அவருக்குக் கையொப்பமிட எனக்கு அதிகாரமில்லை. செல்ல வேண்டிய இடங்களை எழுதிக் கொடுத்து அனுப்பினேன். ஆயினும், அவர் கூறிய ‘துண்டு’ என்னும் அச்சொல் என் நெஞ்சை விட்டு அகலவில்லை. மலையகத்திலே அச்சொல்லுக்கு நெடியதொரு வரலாறு உண்டு. ஊரறிந்த மனிதர் ஒருவர் தம்மை இன்னார் என்று நிலைநாட்டக் கடதாசியைத் தேடி அலைய வேண்டிய நிலை எவ்வாறு ஏற்பட்டது என்பதை அவ்வரலாறு நமக்கு உணர்த்தும்.

தென்னிந்தியாவின் மாவட்டங்களிலிருந்து தொழிலாளர்கள் கங்காணிமாரால் இலங்கைக்கு அழைத்து வரப்பட்டனர். வழிச்செலவு, உணவு, துணிமணி ஆகியவற்றுக்கெனக் கொடுத்த முன்பணம் அவர்கள் பெயரில் கடனாக எழுதப்பட்டது. ஒரு தோட்டத்தை விட்டு மற்றொரு தோட்டத்துக்குச் செல்ல விரும்பும் தொழிலாளி, அக்கடன் தீர்ந்தாலன்றிச் செல்ல இயலாது. கடனைச் செலுத்தும் தோட்டத்துக்கு அவரை விட்டுக்கொடுக்கச் சம்மதம் என்று துரை எழுதிக் கொடுத்த சீட்டுக்கே ‘துண்டு’ என்று பெயர். இம்முறை 1921 ஆம் ஆண்டுச் சட்டத்தினால் ஒழிக்கப்பட்டது. மலையகத் தொழிலாளியைப் பற்றி எழுதப்பட்ட முதற் கடதாசிகளில் ஒன்று அவர் எவ்வளவு கடன்பட்டவர் என்பதைச் சொன்னதே தவிர, அவர் யார் என்பதைச் சொல்லவில்லை.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலே வேறொரு துண்டு வழக்குக்கு வந்தது. அது தகரத்தாலானது. தோட்டத்தைக் குறிக்கும் அடையாளமும் ஆளைக் குறிக்கும் இலக்கமும் பொறித்த சிறு தகட்டைக் கழுத்தில் அணிந்து மக்கள் பயணம் செய்தனர். மண்டபம் முகாமிலே நோய்ப் பரிசோதனைக்குட்பட்டு, 1914 இல் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பற் சேவை தொடங்கிய பின்னர் அவ்வழியாகக் கடல் கடந்து, புகையிரதத்தில் ஏறி மலைநாடு வந்து சேர்ந்தனர். கழுத்தில் தொங்கிய தகரத்தைப் பார்த்தே இன்ன தோட்டத்துக்கு உரியவர் என்று அனுப்பி வைத்தனர். பயணம் முடிந்ததும் தகரத்தின் வேலையும் முடிந்துவிட்டது.

தோட்டத்துக்கு வந்து சேர்ந்த பின்னர் மனிதரின் பெயர் ‘செக்ரோல்’ எனப்படும் வரவேட்டில் ஏறியது. பெரட்டிலே கூப்பிடும் பெயர் அதுவே. சம்பளம் கணக்கிடப்படுவதும் அதனைக் கொண்டே. பிள்ளை பிறந்தால் அச்செய்தி தோட்ட நிர்வாகத்தின் மூலமே பதிவாளரைச் சென்றடைய வேண்டும். தந்தையோ தாயோ வாயால் சொன்ன பெயரை மொழி அறியாத ஒருவர் தமக்குக் கேட்டவாறு எழுதினார். பிறப்புப் பதிவிலே ‘முத்துலெட்சுமி’ ஆனவள் வரவேட்டிலே ‘லெச்சுமி’ ஆனாள். பாடசாலையிலே ‘முத்துலக்சுமி’ ஆனாள். தந்தையின் பெயரும் இவ்வாறே இடத்துக்கு இடம் வேறுபட்டது. எழுதப்பட்டவருக்கு வாசிக்கத் தெரியாது. எழுதியவருக்கு அது பெரிதாகத் தோன்றவில்லை. அந்த ஏடுகள் அனைத்தும் தோட்டக் காரியாலயத்தின் அலுமாரியிலே இருந்தன என்பதை நேயர்கள் நினைவிற் கொள்ள வேண்டுகிறேன். தொழிலாளியின் வாழ்க்கையைப் பற்றிய சான்று தொழிலாளியின் கையில் இருக்கவில்லை.

சுதந்திரம் கிடைத்த 1948 ஆம் ஆண்டிலேதான் இதன் விளைவு முழுமையாக வெளிப்பட்டது. அவ்வாண்டின் 18 ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம் நவம்பர் 15 ஆந் திகதி நடைமுறைக்கு வந்தது. அதற்கு முன்னர் இலங்கையில் பிறந்த ஒருவர் வம்சாவளிப் பிரசையாக வேண்டுமாயின், அவருடைய தந்தையார் இலங்கையில் பிறந்திருத்தல் வேண்டும். அன்றேல் தந்தைவழிப் பாட்டனாரும் பூட்டனாரும் இங்கே பிறந்திருத்தல் வேண்டும் என அச்சட்டம் விதித்தது. கோப்பிக் காலத்திலே பிறந்த பாட்டனாருக்குப் பிறப்புச் சான்றிதழ் எங்கிருந்து வரும்? கிராமத்தில் வாழ்ந்த பெரும்பாலோரிடமும் அத்தகைய கடதாசி இருக்கவில்லை. ஆனால் அவர்களை எவரும் கேட்கவில்லை. தோட்டத்தில் வாழ்ந்தோரையே கேட்டனர்.

அடுத்து, 1949 ஆம் ஆண்டின் 3 ஆம் இலக்க இந்திய, பாகிஸ்தானிய வதிவோர் பிரசாவுரிமைச் சட்டம் வந்தது. 1946 ஜனவரி 1 ஆந் திகதிக்கு முன்னர் மணமானோர் ஏழு ஆண்டுகளும் மணமாகாதோர் பத்து ஆண்டுகளும் இடையறாது இந்நாட்டில் வாழ்ந்தமையை நிரூபித்தல் வேண்டும். விண்ணப்பிப்பதற்கு அளிக்கப்பட்ட தவணை இரண்டு ஆண்டுகள். முதலில் தயங்கிய மக்கள், தவணை முடியும் வேளையில் பெருந்தொகையாக விண்ணப்பித்தனர். ஏறத்தாழ 8 இலட்சத்து 24 ஆயிரம் பேருக்காக விண்ணப்பங்கள் சென்றன. இறுதியில் உரிமை பெற்றோர் ஏறத்தாழ 1 இலட்சத்து 34 ஆயிரம் பேர் மட்டுமே. இந்தியாவுக்குச் சென்று பன்னிரண்டு மாதங்களுக்கு மேல் தங்கியவரின் வதிவு அறுபட்டதாகக் கொள்ளப்பட்டது. சான்று போதாமை, பெயரில் வேறுபாடு, திகதியில் பிழை என்பன போன்ற காரணங்களும் மனிதரின் தலைவிதியை நிர்ணயித்தன. 1931 இல் கிடைத்த சர்வசன வாக்குரிமையின் கீழ் வாக்களித்து, 1947 இல் தம் பிரதிநிதிகளைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பிய இம்மக்களிற் பெரும்பாலோரின் பெயர்கள் 1949 இன் தேர்தற் சட்டத் திருத்தத்தின் பின்னர் வாக்காளர் இடாப்பிலிருந்து நீங்கின.

பின்னர் இரு நாடுகளின் பிரதமர்கள் 1964 அக்டோபர் 30 ஆந் திகதி உடன்படிக்கை செய்தனர். சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் என நாம் அறிந்த அவ்வுடன்படிக்கையில் 975,000 பேர் எண்ணிக்கைகளாகப் பிரிக்கப்பட்டனர். 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு; எஞ்சிய 150,000 பேரை 1974 இல் இரு நாடுகளும் பாதி பாதியாகப் பகிர்ந்துகொண்டன. இந்தியக் கடவுச்சீட்டைப் பெற்றும் புறப்படாதிருந்தோர் பலர். 1984 இல் தலைமன்னார்க் கப்பற் சேவை நின்றபோது, ஒரு நாட்டின் கடவுச்சீட்டைக் கையிலும் மற்றொரு நாட்டின் மண்ணைக் காலடியிலும் கொண்டு அவர்கள் நின்றனர்.

இத்தகைய சூழலிலேதான் அடையாள அட்டை நாட்டுக்கு அறிமுகமாயிற்று. 1968 ஆம் ஆண்டின் 32 ஆம் இலக்க ஆட்பதிவுச் சட்டத்தின் கீழ் 1972 முதல் அட்டைகள் வழங்கப்பட்டன. அது பிரசைகளுக்குரிய அட்டை. ஆகவே பிரசாவுரிமை இல்லாதாருக்கு அது எட்டாததாயிற்று. அட்டையின் இலக்கம் எவ்வாறு அமைகிறது என்பதையும் அறிந்துகொள்ளுதல் நன்று. பழைய முறையில் முதலிரண்டு இலக்கங்கள் பிறந்த ஆண்டையும், அடுத்த மூன்றும் அவ்வாண்டின் எத்தனையாம் நாள் என்பதையும் குறிக்கும். பெண்களுக்கு அந்நாட்கணக்குடன் 500 கூட்டப்படும். 2016 முதல் இலக்கங்கள் பன்னிரண்டாயின. பிறந்த ஆண்டு முழுமையாக எழுதப்படலாயிற்று. ஆகவே, அடையாள அட்டை என்னும் மரத்துக்குப் பிறப்புப் பதிவே வேர்.

இங்கேதான் நாம் ஒரு வேறுபாட்டைத் தெளிவாக உணர வேண்டும். அட்டை தொலைவது வேறு. பதிவு தொலைவது வேறு. அட்டை மாத்திரம் தொலைந்தால், பொலிஸ் நிலையத்தில் முறைப்பாடு செய்து அதன் பிரதியைப் பெற்று, கிராம உத்தியோகத்தரிடமோ, தோட்டத்தில் வசிப்பவராயின் தோட்ட அத்தியட்சகரிடமோ அத்தாட்சி பெற்று, பிரதேச செயலகத்தின் வழியாக ஆட்பதிவுத் திணைக்களத்துக்கு விண்ணப்பிக்கலாம். திணைக்களத்திலே பழைய பதிவு இருத்தலால் புதிய அட்டை கிடைக்கும். அதற்கு வேண்டுவன பணமும் நேரமும் பொறுமையுமே. ஆயினும், அன்றாடச் சம்பளத்தில் வாழ்பவர் மூன்று இடங்களுக்கு மூன்று நாட்கள் அலைந்தால் மூன்று நாட் பெயர் இழப்பார் என்பதையும் மறத்தலாகாது.

பதிவே இல்லாதவரின் நிலை இதனினும் கடினமானது. பதிவாளரின் ஏடுகளிலே தேடுதல் நடத்தி, அங்கும் காணப்படாவிடில் காலங்கடந்த பிறப்புப் பதிவோ உத்தேச வயதுச் சான்றிதழோ பெறுதல் வேண்டும். பெயர்கள் முரண்படின் சத்தியக் கடதாசி முடிக்க வேண்டும். தோட்டங்கள் 1972 இலும் 1975 இலும் அரசுடைமையாகி, 1992 முதல் மீண்டும் கம்பனிகளின் நிர்வாகத்துக்கு மாறின. நிர்வாகம் மாறுந்தோறும் ஏடுகளைக் காப்போரும் மாறினர். வாழ்நாள் முழுதும் உழைத்தவர் தமது சேமலாப நிதியைப் பெறச் செல்லும்போது, அங்குள்ள பெயரும் அட்டையிலுள்ள பெயரும் ஒவ்வாது போனால் முதுமையில் கைக்கு வரவேண்டிய பணமும் தடைப்படுகிறது.

இது மலையகத்துக்கு மாத்திரம் நேர்ந்த அவலம் அன்று. நம் நாட்டிலே பிரசாவுரிமைச் சட்டம் பிறந்த அதே 1948 இல், ‘விண்ட்ரஷ்’ என்னும் கப்பலில் மேற்கிந்தியத் தீவு மக்கள் உழைப்பதற்காகப் பிரித்தானியா சென்று இறங்கினர். அவர்களைத் தொடர்ந்து பல ஆண்டுகளாகச் சென்றோரின் வருகையைப் பதிந்த அட்டைகளை அந்நாட்டு உள்துறை அமைச்சு 2010 இல் அழித்துவிட்டது. பின்னர் அவர்களிற் பலரை நோக்கி, நீங்கள் எப்போது வந்தீர்கள் என்பதற்குச் சான்று காட்டுங்கள் என்று கேட்டது. வேலையும் மருத்துவ வசதியும் இழந்தோர் பலர். நாடு கடத்தப்பட்டோரும் உண்டு. 2018 இல் உண்மை வெளிப்பட்டபோது அரசாங்கம் மன்னிப்புக் கோரியது. ஏட்டைக் காக்க வேண்டியவர் ஒருவர். ஏடு இல்லையென்று தண்டனை அனுபவிப்பவர் வேறொருவர். ஹட்டனிலும் இலண்டனிலும் அநீதி ஒன்றே.

எனினும், இவ்வரலாற்றில் ஒளிமிக்க ஒரு பகுதியும் உண்டு. 1988 இல் நாடற்றோருக்குப் பிரசாவுரிமை அளிக்கும் சட்டம் ஒன்று வந்தது. அதன் பின்னரும் எஞ்சியோருக்காக 2003 ஆம் ஆண்டின் 35 ஆம் இலக்கச் சட்டம் நிறைவேறியது. 1964 அக்டோபர் 30 முதல் இலங்கையில் நிரந்தரமாக வசித்துவரும் இந்திய வம்சாவளியினரும் அவர்தம் சந்ததியினரும் பிரசைகளாயினர். இந்தியக் கடவுச்சீட்டுடன் தங்கிவிட்டோர் ஒரு பிரகடனத்தில் ஒப்பமிட்டால் போதுமானதாயிற்று. ஐக்கிய நாடுகளின் அகதிகளுக்கான உயர் ஸ்தானிகராலயத்தின் துணையுடன் தோட்டப் பகுதிகளில் நடமாடும் சேவைகள் நடத்தப்பட்டன. பத்தே நாட்களில் ஏறத்தாழ 190,000 பேர் பிரசாவுரிமை பெற்றனர். ஐம்பத்தைந்து ஆண்டுகளாகத் தீராதிருந்தது பத்து நாட்களில் தீர்ந்தது. சான்று காட்டு என்று கேட்டவரை தீரவில்லை. உன் சொல்லை ஏற்கிறோம் என்றதும் தீர்ந்தது.

இனி, அம்மூதாட்டியின் கதையைக் கூறி முடிக்கிறேன். அவருடைய அடையாள அட்டை இலக்கம் தோட்டக் காரியாலயத்து ஏடொன்றிலே குறிக்கப்பட்டிருந்தது. பழைய கணக்கப்பிள்ளை ஒருவர் அதனைத் தேடி எடுத்துக் கொடுத்தார். சில மாதங்களின் பின் புதிய அட்டை வந்தது. அதனை அவர் எனக்குக் காட்டியபோது, பேத்தியின் அட்டையையும் சேர்த்து ஒரே உறையில் வைத்திருந்தார். நல்லார் ஒருவர் ஓர் இலக்கத்தை ஒழுங்காக எழுதி வைத்தமையால் ஒரு மனிதரின் உரிமை பிழைத்தது.

ஆகவே, பெற்றோருக்கு நான் பணிவுடன் கூறுவது இதுவே. பிள்ளை பிறந்ததும் தவணை தவறாது பதியுங்கள். பதிவாளர் எழுதியதை எழுத்தறிந்த ஒருவரைக் கொண்டு அங்கேயே வாசிக்கச் செய்யுங்கள். பெயர்ப் பிழையைப் பிள்ளை பாடசாலையில் சேரும் முன் திருத்துங்கள். அட்டையின் இலக்கத்தை வீட்டுக்கு வெளியேயும் நம்பிக்கையான ஓரிடத்தில் குறித்து வையுங்கள். ஏடுகளைக் காக்கும் உத்தியோகத்தர்களுக்கும், என் போன்ற அதிபர்களுக்கும் ஒரு வேண்டுகோள்: நாம் எழுதும் ஒவ்வோர் எழுத்தும் ஒரு மனிதரின் பிற்கால வாழ்வைத் தாங்கி நிற்பது. கழுத்தில் தகரம் அணிந்து வந்தவரின் கொள்ளுப் பேத்தி இன்று தன் பெயரைத் தானே எழுதக் கற்றுவிட்டாள். அப்பெயரைப் பிழையின்றி ஏட்டில் ஏற்றுவது நம் கடமை.