சிக்குமுடி: உடல் எழுதிய வரலாறு

குந்தாரப்பள்ளி வெள்ளிக்கிழமைச் சந்தையில் ஆட்டின் பல்லைப் பிடித்துப் பார்த்து வயதைச் சொல்லிவிடுவார்கள். எங்கள் தெருவுக்கு வந்த சிக்குமுடிக்காரர் அப்படி எதையும் கேட்டதில்லை; எடைதான் பார்ப்பார். சீப்பில் வந்த முடியை அம்மா சுருட்டிக் கூரை இடுக்கில் செருகி வைத்திருப்பாள். கிடைப்பது நாலு ஊக்கு.

அந்த உருண்டையை இப்போது ஓர் ஆவணமாக வாசிக்கத் தோன்றுகிறது.

தலைமுடி மாதம் ஏறக்குறைய ஒரு சென்டிமீட்டர் வளர்கிறது. ஒருத்திக்கு இடுப்புவரை இறங்குவதும் இன்னொருத்திக்குத் தோளோடு நிற்பதும் பெரும்பாலும் வேகத்தால் அல்ல. வேர் எத்தனை காலம் வளர்பருவத்தில் நீடிக்கிறது என்பதால். சிலருக்கு 2 ஆண்டு, சிலருக்கு 6. பிறகு வேர் சுருங்கி, மூன்று மாதம் போல ஓய்ந்து, முடியை உதிர்த்துவிட்டு மறுபடி முளைக்கிறது. இதில் பரம்பரைக்குப் பெரும்பங்கு உண்டு. ஆனால் கடுங்காய்ச்சல், பட்டினி, பிரசவம் என்று வந்தால் ஏராளமான வேர்கள் ஒருசேர ஓய்வுக்குப் போய்விடுகின்றன. கொட்டுவது இரண்டு மூன்று மாதம் கழித்து. 2020-21 கொரோனாவுக்குப் பிறகு பலர் இதை அனுபவித்தார்கள். உடல் தாமதமாகத்தான் சாட்சி சொல்கிறது.

“புள்ள மொகம் பாத்துச் சிரிச்சா தாய்க்கு முடி கொட்டும் கண்ணு” என்பாள் அம்மா. மூடநம்பிக்கை என்று கேலி செய்திருக்கிறேன். குழந்தை அப்படிச் சிரிக்கத் தொடங்குவது இரண்டாம் மாதத்தையொட்டி. காரணம் தவறு, கணக்கு சரி.

1960களின் நடுவில் அமெரிக்கா சீன முடிக்குத் தடை போட்டபோது விக் வியாபாரம் வேறு ஆசியத் தலைகளைத் தேடியது. மயிரிலும் பனிப்போர் புகுந்தது. இன்று திருமலைக் காணிக்கை முடி நீளவாரியாகத் தரம் பிரிக்கப்பட்டு ஏலம் போகிறது. வேரும் நுனியும் கலந்துபோன சிக்குமுடிக்குத் தரம் குறைவு. அதைச் சிக்கெடுத்துச் சீராக்குவதும் கூலிப் பெண்களின் விரல்களே.

சந்தைக்கு நீளம் ஒரு விலை. அறுபது சென்டிமீட்டர் என்றால் ஓர் உடலின் ஐந்தாண்டு என்று அது கணக்கிடுவதில்லை. கொத்தாகக் கொட்டியதற்குப் பின்னால் எந்தப் பட்டினி, எந்தப் பேறுகாலம் என்று தராசு கேட்பதில்லை. நம் வரலாற்றெழுத்தும் அதிகம் கேட்டதில்லை.

அக்காவுக்கு முதல் பிரசவத்துக்குப் பிறகு ஒரு வருஷம் தாண்டியும் முடி கொட்டிக்கொண்டே இருந்தது. ரத்தசோகை என்று தெரிய அதற்கப்புறமும் நாளானது. அதுவரை எந்தச் சீட்டிலும் அது எழுதப்பட்டிருக்கவில்லை. கூரை இடுக்கில் இருந்தது. அதையும் நாலு ஊக்குக்குக் கொடுத்துவிட்டோம்.