மாலுமிகளின் குரலும் அட்மிரல் காட்ஃபிரேயும்

கரிசல் மண்ணில் வாழும் நமக்குக் கப்பற்படை வரலாறு அவ்வளவாக எட்டுவதில்லை. ஆயினும் 1946இல் இந்திய மாலுமிகள் எழுப்பிய குரலின் வலிமையை உணர, அவர்களுக்குத் தலைமை தாங்கிய ஜான் ஹென்றி காட்ஃபிரேயை அறிதல் வேண்டும்.

1888இல் பர்மிங்காமில் பிறந்த அவர், முதல் உலகப் போரில் டார்டனெல்ஸ் களத்தில் பணியாற்றினார். 1939இல் பிரிட்டிஷ் கடற்படை உளவுத்துறையின் இயக்குநரானார். பின்னாளில் ஜேம்ஸ் பாண்டைப் படைத்த இயான் ஃபிளெமிங் அங்கே அவருடைய உதவியாளர். கதையில் வரும் மேலதிகாரி 'எம்' இவர் சாயலே என்பர்.

1943இல் இந்தியக் கடற்படையின் தலைமை அவர் கைக்கு வந்தது. பகைவர் கப்பல்களின் போக்கை ஆராய்ந்த அந்த அறிவு, தம் கப்பல்களின் அடித்தளத்தில் புகைந்த சினத்தை உரிய காலத்தில் அறியவில்லை. இழிந்த உணவு, நிறவெறி ஏச்சு, ஊதிய வேற்றுமை, போர் முடிந்தபின் பிழைப்பு என்னாகுமோ என்ற அச்சம்: இவையே சினத்துக்கு விறகு. 18-2-1946 அன்று பம்பாய் 'தல்வார்' நிலையத்தில் மூண்ட வேலைநிறுத்தம் 78 கப்பல்களுக்கும் ஏறத்தாழ 20,000 மாலுமிகளுக்கும் பரவிற்று. கடற்படையே அழிய நேரினும் அடக்குவோம் என்று காட்ஃபிரே வானொலியில் எச்சரித்தார். கராச்சியில் 'ஹிந்துஸ்தான்' கப்பல் பீரங்கியால் விடையிறுத்தது. சென்னைத் தொழிலாளரும் ஆதரவாக வேலைநிறுத்தம் செய்தனர். வல்லபாய் பட்டேலின் அறிவுரையை ஏற்று 23ஆம் நாள் மாலுமிகள் பணிந்தனர்.

காட்ஃபிரே அவ்வாண்டே பதவியினின்று நீங்கினார், 1970இல் மறைந்தார். அவர் சாயலை உலகமே திரையில் கண்டது. வேலையிழந்த மாலுமிகளைப் பாடிய கவிதைகளோ நம்மிடையே மிகச் சில.