அம்மைத் தழும்பு சொல்லும் வரலாறு



கோட்டக்குப்பத்துப் பள்ளிவாசலில் முதியவர்கள் உளூச் செய்வதற்காகச் சட்டைக் கையைச் சுருட்டும்போது கவனித்துப் பாருங்கள். முன்கையிலோ மேற்கையிலோ காசளவில் ஒரு வட்டத் தழும்பு தெரியும். சிலருக்கு இரண்டு இருக்கும். கேட்டால், "சின்ன வயதில் அம்மை குத்தியது" என்பார்கள். இளையவர்களின் இடது தோளில் காணப்படுவது காசநோய்த் தடுப்பூசியின் அடையாளம், அது வேறு. முதியவர்களின் கையில் இருப்பது பெரியம்மைத் தடுப்பின் அடையாளம். 1970களின் பிற்பகுதியில் அந்தக் குத்துதல் நின்றுபோனதால், 50 வயதுக்குக் குறைந்தவர்களிடம் அதைக் காண்பது அரிது. ஆனால் அத்தழும்பின் பின்னால் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்ட வரலாறு உள்ளது. அதில் கணிசமான பகுதி முஸ்லிம் நாடுகளின் வழியே நடந்து வந்ததாகும்.

பெரியம்மை கண்டவர்களில் ஏறத்தாழ பத்துக்கு மூவர் மாண்டனர். பிழைத்தவர்களில் பலர் கண்ணொளி இழந்தனர். முகமெங்கும் குழி விழுந்தவர்கள் எண்ணிலடங்கார். எனினும், பிழைத்தெழுந்தவரை அந்நோய் மறுமுறை தீண்டுவதில்லை என்பதை மக்கள் எங்கும் கண்டறிந்திருந்தனர். அம்மை கண்ட வீட்டில் பணிவிடை செய்ய, முன்பே அம்மை கண்டவரையே தேடினர்.

இது ஏன் என்று எழுத்தில் ஆராய்ந்தவர் பாரசீகத்து ரைய் நகரில் பிறந்த மருத்துவ மேதை அபூபக்ர் முஹம்மத் இப்னு ஸகரிய்யா அர்ராஸி. சுமார் 865 முதல் 925 வரை வாழ்ந்த இவர், பெரியம்மையையும் தட்டம்மையையும் பற்றித் தனியொரு நூல் எழுதினார். இரண்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொண்டிருந்த காலம் அது. முதுகுவலி மிகுந்தால் பெரியம்மை, குமட்டலும் மனக்கலக்கமும் மிகுந்தால் தட்டம்மை என்று நோயாளியின் அருகிலிருந்து கண்டதை அவர் பிரித்துரைத்தார். குழந்தையின் இரத்தம் புதிதாகப் பிழிந்த திராட்சைச் சாறு போன்றது. அது ஒருமுறை பொங்கி அடங்குவதே அம்மை. அடங்கியபின் மறுபடி பொங்காது என்பது அவர் தந்த விளக்கம். இவ்விளக்கம் பிழையென்று இன்று அறிவோம். ஆனால் நோய் வெளியிலிருந்து வந்தாலும் அது திரும்ப வராமைக்குக் காரணம் உடலுக்குள்தான் இருக்கவேண்டும் என்று தேடிய அந்தத் தேட்டம் போற்றத்தக்கது.

அந்தக் காரணம் இதுதான். புதிய கிருமி நுழைந்ததும் இரத்த வெள்ளையணுக்களில் ஒருவகை, அக்கிருமிக்கென்றே பொருந்தும் எதிர்ப்பொருள்களைச் செய்யத் தொடங்குகின்றன. முதல்முறை இதற்குப் பல நாட்கள் ஆகும். அந்த இடைவெளியில்தான் நோய் வலுக்கிறது. நோய் தணிந்தபின் சில அணுக்கள் அழியாமல் தங்கிவிடுகின்றன. இவற்றை நினைவு செல்கள் என்பர். அதே கிருமி மீண்டும் வந்தால் இவை உடனே பெருகி எதிர்க்கின்றன. அம்மை குத்திக்கொண்டவர்களின் இரத்தத்தில் 50 ஆண்டுகள் கடந்தும் இந்த நினைவு செல்கள் இருப்பது ஆய்வில் தெரியவந்துள்ளது. நம் முதியவர்களின் தழும்பு தோலில் மட்டும் நிற்கவில்லை.

அம்வாஸ் கொள்ளைநோயின்போது கலீஃபா உமர் (ரலி) அவர்கள் வழியிலேயே திரும்பிய வரலாற்றை ஜும்ஆ மேடைகளில் பலமுறை கேட்டிருப்பீர்கள். அது நோயினின்று விலகி நிற்றல். நாம் இங்கே பேசுவது, நோயைச் சந்திக்கவே உடலைப் பழக்குதல்.

இந்தப் பழக்கும் முறை சீனத்திலும் வங்காளத்திலும் உதுமானியப் பேரரசிலும் முன்பே இருந்தது. 1717இல் உதுமானிய நாட்டில் இருந்த ஆங்கிலத் தூதரின் மனைவி மேரி வோர்ட்லி மான்டேகு, வயது முதிர்ந்த பெண்கள் அக்ரூட் ஓட்டில் அம்மைச் சீழைக் கொணர்ந்து ஊசியால் கீறி வைப்பதைக் கண்டு ஊருக்குக் கடிதம் எழுதினார். தம் முகத்தில் அம்மை வடுவைச் சுமந்தவர் அவர். அம்மையால் உடன்பிறந்தானையும் இழந்தவர். 1718இல் தம் மகனுக்கு அதைச் செய்வித்தார். இதிலும் நூற்றுக்கு ஓரிருவர் இறந்ததுண்டு. 1796இல் எட்வர்ட் ஜென்னர், மாட்டம்மைச் சீழ் அதே காப்பைத் தீங்கு குறைவாகத் தருவதை நிறுவினார்.

ஆனால் அந்தச் சீழை இந்தியாவுக்குக் கொண்டுவருவது எளிதாயில்லை. நீண்ட கடற்பயணத்தின் வெப்பத்தில் அது வீரியமிழந்தது. இறுதியில் வியன்னாவிலிருந்து கான்ஸ்டான்டிநோபிள், அங்கிருந்து பக்தாத், பிறகு பஸ்ரா என்று அது வந்தது. ஒருவர் கையிலிருந்து எடுத்து மற்றவர் கையில் குத்தி உயிரோடு காத்துக் கப்பலேற்றினர். 1802 ஜூன் 14 அன்று பம்பாயில் அன்னா டஸ்ட்ஹால் என்னும் மூன்று வயதுச் சிறுமியின் கையில் அது பலித்தது. இந்தியாவில் பலித்த முதல் தடுப்பு அதுவே. அந்தச் சங்கிலிதான் சென்னை மாகாணத்துக்கும் வந்தது. இடையில் கை நீட்டிய பக்தாத், பஸ்ரா மக்களின் பெயர்களை நாம் கேட்டதில்லை.

நம் கடற்கரையில் மரக்காணத்து உப்பளங்கள் விளையும் வறண்ட மாதங்களே பெரியம்மை மிகும் காலமாகவும் இருந்தது. 1954 நவம்பர் வரை கோட்டக்குப்பத்தின் தெற்கெல்லையைக் கடந்தால் பிரெஞ்சு ஆட்சி. நோய்க்கு அந்த எல்லை ஒரு பொருட்டன்று. 1899இல் நிறுவப்பட்ட கிண்டி கிங் நிலையம் கன்றுகளின் தோலில் வளர்த்த அம்மைப்பாலை மாகாணமெங்கும் அனுப்பியது. பின்னர் வெப்பத்தைத் தாங்கும் உலர் மருந்து வந்தது. இந்தியாவில் கடைசி நோயாளி 1975 மே மாதம் கண்டறியப்பட்டார். 1980இல் பெரியம்மை உலகினின்றே ஒழிந்ததாக உலக சுகாதார நிறுவனம் அறிவித்தது.

அர்ராஸியின் நூலிலுள்ள மற்ற நோயான தட்டம்மை ஒழியவில்லை. மணல்வாரி என்று சொல்லி, தானே வந்து தானே போவதாக நம் வீடுகளில் கருதுகிறோம். தடுப்பற்றவர் நடுவில் ஒரு நோயாளி 12 முதல் 18 பேருக்கு அதைப் பரப்பக்கூடும். அவர் அறையை விட்டு அகன்றபின்னும் இரண்டு மணி நேரம் வரை காற்றில் அது நிற்கும். 2019இல் வெளியான ஆய்வொன்று இன்னும் அச்சமூட்டுவது. தடுப்பூசி பெறாமல் தட்டம்மை கண்ட குழந்தைகளின் இரத்தத்தை நோய்க்கு முன்னும் பின்னும் சோதித்தபோது, பிற நோய்களுக்கென்று உடல் சேர்த்து வைத்திருந்த எதிர்ப்பொருள்களில் 11 முதல் 73 விழுக்காடு வரை அழிந்திருந்தன. உடலின் பழைய நினைவையே தட்டம்மை துடைத்துவிடுகிறது. தடுப்பூசி இவ்வாறு துடைப்பதில்லை என்பதும் அதே ஆய்வில் தெளிந்தது.

2017 பிப்ரவரியில் தமிழ்நாட்டிலும் புதுச்சேரியிலும் 9 மாதம் முதல் 15 வயதுவரையிலான பிள்ளைகளுக்குத் தட்டம்மை, ரூபெல்லா தடுப்பூசி முகாம் தொடங்கியது. கைப்பேசியில் வதந்திகள் பரவின. பெற்றோர் பலர் தயங்கினர். முகாமை நீட்டிக்க நேர்ந்தது. தயக்கத்தைப் பழிப்பது என் நோக்கமன்று. சில தடுப்பூசிகளில் சேரும் ஜெலட்டின் பற்றிய கேள்வி மார்க்கம் பேணுவோர் கேட்கவேண்டிய கேள்வியே. ஆனால் அது 1995இலேயே குவைத்தில் கூடிய இஸ்லாமிய மருத்துவ அறிவியல் அமைப்பின் கருத்தரங்கில் ஆராயப்பட்டது. மூலப்பொருள் முற்றிலும் வேறொன்றாக உருமாறிவிட்டதால் அது தூயது என அங்கே முடிவு கூறினர். ஹஜ்ஜுக்குச் செல்வோர் மூளைக்காய்ச்சல் தடுப்பூசியைத் தயங்காமல் போட்டுக்கொள்கிறோம். 1987ஆம் ஆண்டு ஹஜ்ஜில் அந்நோய் பரவியபின் வந்த கட்டாயம் அது. தனக்குப் போட்டுக்கொள்ளும் ஹாஜியார் பேரப்பிள்ளைக்கு வேண்டாம் என்பது எனக்கு விளங்கவில்லை. 9 மாதத்தில் ஒன்றும் 16 மாதத்துக்குப்பின் மற்றொன்றும் அரசு இலவசமாகத் தருகிறது.

இயற்கையாகப் பரவிய பெரியம்மையின் கடைசி நோயாளி சோமாலியாவின் மெர்க்கா நகரைச் சேர்ந்த அலீ மஆவ் மஆலின். மருத்துவமனைச் சமையல்காரராக இருந்தும் ஊசி வலிக்கும் என்று அஞ்சி அதைத் தவிர்த்தவர். 1977 அக்டோபரில் அவருக்கு அம்மை கண்டது, பிழைத்தார். பிற்காலத்தில் போலியோ சொட்டு மருந்துப் பணியில் சேர்ந்து, மறுக்கும் தாய்மாரிடம் தன் கதையைச் சொல்லிவந்தார். 2013 ஜூலையில், அந்தப் பணியில் இருந்தபோதே மலேரியாக் காய்ச்சலால் வஃபாத்தானார்.