ஈ.ஜே. ஜோசியும் ஒரு சின்னத் தீர்மானமும்

ஈ.ஜே. ஜோசி என்ற பெயரை எங்கட ஆக்களில் கனபேர் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள். இவர் ஒரு நூலகர். 1924இல் வேர்ஜீனியாவில் பிறந்த கறுப்பினத்தவர். கொலம்பியாப் பல்கலைக்கழகத்தில் வரலாறும் பிறகு ஆல்பனியில் நூலகவியலும் படித்தார். 1959இல் ஜோர்ஜியாவில் உள்ள சவானா மாநிலக் கல்லூரியில் தலைமை நூலகரானார்.

ஆனால் ஜோர்ஜியா நூலகச் சங்கத்தில் அவர் உறுப்பினராக முடியாது. அது வெள்ளையருக்கு மட்டும். உள்ளுக்கு நின்று சமைக்கலாம், முன்னுக்கு மேசையில் இருந்து சாப்பிடக்கூடாது என்பது போல. என்னைப் போல ரெஸ்ரோரண்ட் குசினியில் நிற்கிறவனுக்கு இதை விளங்கப்படுத்தத் தேவையில்லை.

கிளையாக இருக்க வேண்டுமென்றால் எல்லோரையும் சேர்க்கவேண்டும் என்று அமெரிக்க நூலகச் சங்கம் விதி போட்டிருந்தது. ஜோர்ஜியா, மிசிசிப்பி உட்பட நாலு தென்மாநிலச் சங்கங்கள் கறுப்பரைச் சேர்ப்பதை விட வெளியில் நிற்பதே மேல் என்று நின்றன. ஆனாலும் உறவு முறியவில்லை.

1964இல் செயின்ட் லூயிஸ் மாநாட்டில், அதே மிசிசிப்பிச் சங்கத்துக்கு தேசிய நூலக வார வேலைக்காகப் பாராட்டு! அந்தக் கிழமைகளில்தான் மிசிசிப்பியில் மூன்று உரிமைப் போராட்ட இளைஞர்கள் காணாமல் போயிருந்தார்கள். ஓகஸ்டில் உடல்களாகத்தான் கிடைத்தார்கள்.

ஜோசிக்குப் பொறுக்கவில்லை. எழும்பி ஒரு தீர்மானம் கொண்டுவந்தார். விதியை ஏற்காத மாநிலச் சங்கங்களின் கூட்டங்களுக்குத் தேசியச் சங்கத்தின் அதிகாரிகளோ ஊழியர்களோ பதவிமுறையில் போகக்கூடாது, சங்கக் காசிலும் போகக்கூடாது. அவ்வளவுதான். தீர்மானம் நிறைவேறியது. விதியை மீறியவர்களுக்கு அதுவரை கிடைத்துக்கொண்டிருந்த மரியாதையில் அவர் கைவைத்தார். அடுத்த வருடமே, 1965இல், ஜோர்ஜியாச் சங்கம் அவரைச் சேர்த்துக்கொண்டது. அங்கே அவர்தான் முதல் கறுப்பு உறுப்பினர்.

1970இல் தேசியச் சங்கத்துக்குள் கறுப்பின நூலகர்களுக்கென்று தனி அமைப்பைத் தொடங்கியவர்களில் முன்னின்றவரும் இவர்தான். தேசியச் சங்கத்துக்கு முதல் கறுப்பினத் தலைவராக 1976இல் கிளாரா ஸ்டான்டன் ஜோன்ஸ் வந்தார். ஜோசி 1984இல் தலைவரானார். எல்லோரும் அந்தப் பதவியைத்தான் பெரிதாக எழுதுகிறார்கள். எனக்கென்றால் அந்த ஒரு பந்தித் தீர்மானம்தான் பெரிது.

2009இல் ஜோசி காலமானார். நிறப்பாகுபாடு காட்டிய பொதுநூலகங்களில் கறுப்பருக்கு இழைக்கப்பட்ட அநீதிக்கு அமெரிக்க நூலகச் சங்கம் 2018இல்தான் மன்னிப்புக் கேட்டது.