தர்ஸ்டே

வியாழக்கிழமையின் ஆங்கிலப் பெயர். ‘தோர் நாள்’ என்பது பொருள். தோர், வைக்கிங்குகள் வணங்கிய இடிக்கடவுள். அவர் ஆயுதம் மியோல்னிர் என்னும் சுத்தியல். ரோமானியர் இந்நாளை ஜூபிட்டருக்கு உரியதாக்கினர். ஜெர்மானிய மக்கள் அதைப் பெயர்த்தபோது, இடியை ஏந்திய ஜூபிட்டரின் இடத்தில் தம் இடிக்கடவுளை வைத்தனர். பழைய ஆங்கிலத்தில் அவர் பெயர் தூனொர். இடியைக் குறிக்கும் ‘தண்டர்’ அதன் வழி வந்தது. ‘தர்ஸ்டே’ வடிவத்தில் நார்ஸ் மொழியின் சாயலும் உண்டு.

தமிழில் வியாழன் ஜூபிட்டர் கோளே. ஆனால் நம் வியாழன் தேவகுரு; இடி ஆயுதமான வச்சிரம் இந்திரன் கையில். தோருக்கு நெருங்கிய உறவு இந்திரன்தான். இவ்விரு மரபுகளும் அமெரிக்காவில் ஒரே நாளில் சந்திப்பதுண்டு. அங்கே நன்றி நவிலும் நாள் நவம்பரின் நான்காம் வியாழன் என 1941-இல் சட்டமானது. அன்று நியூஜெர்சித் தமிழர் வீட்டில் குருவுக்குக் கொண்டைக்கடலைச் சுண்டல் வைத்தாலும், நாள்காட்டியில் இருப்பது தோரின் பெயர்.