தோட்டத்துச் சுவரும் நாட்காட்டி ஓவியரும்

முன்னுரை

சிரம்பான் நகரை அடுத்துள்ள சுங்கை காடுட் இன்று துவாங்கு ஜாஃபார் தொழிற்பேட்டையாலும் தொடர்வண்டி நிலையத்தாலும் அறியப்படும் ஊராகும். இரப்பர்த் தோட்டங்களே நெகிரி செம்பிலான் தமிழரின் வாழ்வுக்குக் களமாயிருந்த காலத்தில், ஓவியக் கூடத்தைக் கண்டிராத குடும்பங்களுக்கு மளிகைக் கடைக்காரர் ஆண்டுதோறும் அளித்த நாட்காட்டியே ஓவியமாயிற்று. அப்படங்களை வரைந்தவர் யாவர்? அமெரிக்காவில் அழகு மங்கையரின் தளமாக விளங்கிய நாட்காட்டி, நம்மிடையே தெய்வங்களின் தளமானது ஏன்? இவ்விரு வினாக்களுக்கும் விடை காண இக்கட்டுரையில் முற்படுகிறோம்.

அமெரிக்க நாட்காட்டி ஓவியம்

சுவரில் ஊசியால் குத்தி வைக்கப்பட்டதால் 'பின்-அப்' எனப் பெயர் பெற்ற மங்கையர் ஓவியம், 1930களிலும் 1940களிலும் அமெரிக்காவில் பெருவழக்கு எய்தியது. 'எஸ்குயர்' இதழில் 1933 முதல் ஜார்ஜ் பெட்டியும், 1940 முதல் ஆல்பெர்ட்டோ வர்காஸும் வரைந்தனர். இரண்டாம் உலகப் போரில் படைவீரர் பாசறைகளிலும் போர் விமானங்களின் முகப்பிலும் இவ்வோவியங்கள் இடம் பெற்றன. மின்னசோட்டா மாநிலத்து 'பிரௌன் அண்ட் பிகலோ' நிறுவனம் இவற்றை விளம்பர நாட்காட்டிகளாக அச்சிட்டுப் பரப்பியது. அந்நிறுவனத்திற்காக வரைந்தோருள் கில் எல்வ்கிரென் (1914–1980) தலைசிறந்தவர். பெண் மாதிரிகளைப் புகைப்படம் எடுத்து, அதனை அடிப்படையாகக் கொண்டு தீட்டியவர். ஸோயி மோசர்ட் (1907–1993) என்னும் பெண் ஓவியரோ தம் உருவையே மாதிரியாகக் கொண்டார். வர்காஸின் பெயரில் இறுதி எழுத்தை நீக்கி 'வர்கா' எனத் தன் வணிகப் பெயராக்கிக் கொண்டது 'எஸ்குயர்'. பிரிந்து சென்ற ஓவியர் அப்பெயரைப் பயன்படுத்தும் உரிமையை நீதிமன்றத்திலும் பெற இயலவில்லை.

கோவில்பட்டி ஓவியர்கள்

இந்தியாவில் அச்சோவியத்தை வீடுதோறும் கொண்டு சென்ற முன்னோடி இரவிவர்மா ஆவார். 1894இல் அவர் பம்பாயில் நிறுவிய அச்சகம் தெய்வப் படங்களை மலிவாக்கியது. தமிழகத்தில் அப்பணி சிவகாசியின் வழியே நிகழ்ந்தது. தீப்பெட்டிச் சீட்டு அச்சிடுவதில் தேர்ந்த அவ்வூர், பின்னர் நாட்காட்டி அச்சிலும் முதன்மை பெற்றது.

அந்நாட்காட்டிகளுக்கு வரைந்தோருள் முதல்வராக வைத்து எண்ணத்தக்கவர் சி. கொண்டையராஜு (1898–1976). சென்னை ஓவியப் பள்ளியில் பயின்று, நாடகக் குழுவில் திரைச்சீலை தீட்டி, 1940களில் கோவில்பட்டியில் தங்கினார். டி.எஸ். சுப்பையா, டி.எஸ். அருணாசலம், மு. இராமலிங்கம் முதலியோர் அவர்தம் மாணாக்கர். நாடகத் திரையின் தூண்களும், ஒளி பாய்ச்சிய முகமும், பார்ப்போரை நேர்நோக்கும் கண்களும் இவர்களின் தெய்வப் படங்களில் மேடைக் காட்சியாகவே அமைந்தன. இவ்வட்டத்தார் புகைப்பட நிலையமும் நடத்தினர் என்பது எல்வ்கிரெனின் முறையோடு ஒப்புநோக்கத்தக்கது.

தொங்கும் இடமும் ஓவியமும்

ஒருவர் மற்றவரைப் பார்த்து வரைந்தார் என்பது எம் கருத்தன்று. ஆயினும் சிவந்த கன்னம், மெல்லொளி, குறையற்ற மேனி, நம்மை நோக்கும் பார்வை ஆகியவை இரு மரபுக்கும் பொதுவாகும். வேறுபாடு படம் தொங்கும் இடத்தில் பிறந்தது என்பதே எம் துணிபு. பின்-அப் ஓவியம் ஆடவர் மட்டும் கூடும் பாசறைக்கும் பட்டறைக்கும் உரியது. லயத்து வீட்டின் சுவரோ தாய், மகள், பாட்டி, விருந்தினர் அனைவரும் காணும் சுவர். அங்குப் பெண்ணழகு திருமகளாகவும் கலைமகளாகவும் வந்தால்தான் இடம் பெற்றது. சிவகாசி நடிகையர் படங்களையும் அச்சிட்டது. முடிதிருத்தும் கடைச் சுவர்கள் அவற்றை ஏற்றன.

இதில் வணிகக் கணக்கும் உண்டு. படத்தை மொத்தமாக அச்சிட்டு, கடைப்பெயருக்கு வெற்றிடம் விடுவது இரு நாட்டுக்கும் பொதுவான முறை. ஆண்டு முடிந்ததும் மங்கையின் படம் அகற்றப்படலாம். தெய்வத்தின் படத்தைக் குப்பையிலிட மனம் வராது. நாள் தாள்கள் தீர்ந்த பின்னும் அதைச் சட்டமிட்டு மாட்டுவர். கடைப்பெயரும் உடன் தங்கும்.

முடிவுரை

கடைக்காரரின் பெயர் பெரிய எழுத்தில் நிலைக்க, ஓவியரின் பெயர் மூலையில் சிறு கையொப்பமாகச் சுருங்கியது. சட்டமிடும்போது அதுவும் மறைவதுண்டு. வர்காஸ் வழக்காடி இழந்ததை நம் ஓவியர்கள் வழக்கின்றியே இழந்தனர் எனலாம்.

மலேசியத் தமிழர் வரலாற்றை எழுதுவோர் சம்பளப் பதிவேடுகளையும் கோயில் கல்வெட்டுகளையும் நாடுகின்றனர். சுவர்ப் படத்தை அரிதாகவே சான்றாகக் கொள்கின்றனர். லயத்து வீடு காலியாகும்போது முதலில் கைவிடப்படுவது அதுவே. மாணவர் இல்லத்துப் பழைய படங்களின் மூலையில் உள்ள கையொப்பத்தையும், அடியிலுள்ள கடைப்பெயரையும், ஆண்டையும் குறித்துவரச் செய்வது தமிழாசிரியர் ஒருவரால் இயலும் பணி. அக்குறிப்புகள் திரண்டால், கோவில்பட்டி ஓவியரின் கைவண்ணம் கடல் கடந்து எந்தெந்தத் தோட்டச் சுவரை அடைந்தது என்பதற்குச் சான்று கிடைக்கும்.